ஒரு வரிசை எண்ணின் வழக்கு

மணலியில் எங்கள் தெருவின் கோடியில், எண்ணெய் டாங்கர் லாரிகள் போகும்போதெல்லாம் ஜன்னல் கம்பிகள் அதிர்கின்ற ஒரு சிறிய வீட்டில், அரசாங்க உத்தியோகத்திலிருந்து ஓய்வு பெற்ற பெரியவர் ஒருவர் வசிக்கிறார். அவர் வீட்டு அலமாரியின் மேல்தட்டில், ஜவுளிக்கடைப் பை ஒன்றில், முப்பது ஆண்டுக் காகிதங்கள் கட்டி வைக்கப்பட்டிருக்கின்றன. ஒருநாள் அந்தப் பையை இறக்கி என் முன்னால் அவிழ்த்தார். மேலாக இருந்தது நியமன உத்தரவு. அதற்கு அடியில் துறைத் தேர்வுகளில் தேறியதைக் காட்டும் நகல்கள். அவற்றுக்கும் அடியில், மடிப்புகள் கிழிந்து செல்லோடேப் ஒட்டப்பெற்ற, தட்டச்சில் அடித்த ஒரு பெயர்ப் பட்டியல். அதில் ஒரு வரிசை எண்ணின் கீழே சிவப்பு மையால் கோடு இழுத்திருந்தது.

"இதுதான் என் பேரு, தம்பி. இதுக்கு மூணு வரி கீழே இருக்கான் பாருங்க, அவன் என்கிட்டதான் கோப்பு எழுதப் பழகினான். கடைசி ஆறு வருஷம் எனக்கு லீவு சேங்ஷன் பண்ணினது அவன்தான்," என்றார். சம்பள வித்தியாசத்தைப் பற்றி அவர் ஒரு வார்த்தையும் பேசவில்லை.

உத்தியோக உயர்வைச் சம்பளத்தோடு மட்டும் சேர்த்து எண்ணுகிறவர்கள் அந்தச் சிவப்புக் கோட்டின் பொருளை அறியமாட்டார்கள். இருபத்திரண்டு, இருபத்துமூன்று வயதில் தேர்வெழுதிச் சர்க்கார் பணியில் நுழைகிற ஒருவர், அறுபதாம் வயதில் மாலையணிந்து வெளியே வருவதற்குள், அவர் வாழ்க்கையில் வரக்கூடிய உயர்வுகள் மூன்றோ நான்கோதான். அவற்றில் முதலாவது ஓராண்டு தாமதித்தால் இரண்டாவதும் தாமதிக்கிறது, இரண்டாவது தாமதித்தால் மூன்றாவது வருவதற்குள் ஓய்வு வந்துவிடுகிறது, கடைசிச் சம்பளத்தைக் கொண்டு ஓய்வூதியம் கணக்கிடப்படும் பழைய திட்டத்தில் இருப்பவர்களுக்கோ அந்த நஷ்டம் அவர்கள் மறைந்த பிறகு மனைவிக்கு வரும் குடும்ப ஓய்வூதியம் வரையில் தொடர்கிறது. இத்தனைக்கும் ஆதாரம் அலுவலகத்தில் 'சீனியாரிட்டி லிஸ்ட்' என்று வழங்கும் முதுநிலைப் பட்டியல்.

ராயபுரத்திலிருந்து எண்ணூர் வரை கடலோரமாகவும், உள்ளே மணலி வரையிலும் பரந்து கிடக்கும் எங்கள் பிரதேசத்தில் இந்தப் பட்டியல் பலருடைய வீட்டு விஷயம். தென்னிந்தியாவின் முதல் ரயில் 1856-இல் ராயபுரத்திலிருந்துதான் புறப்பட்டது. அன்று முதல் இங்கே ரயில்வே குடும்பங்கள் உண்டு. துறைமுகமும் சுங்கமும் அனல்மின் நிலையமும் ஆயிரக்கணக்கானவர்களுக்குச் சோறு போட்டிருக்கின்றன. 1965-இல் மதராஸ் ரிஃபைனரீஸ் என்று தொடங்கப்பெற்று இன்று சென்னை பெட்ரோலியம் கார்ப்பரேஷன் என்று வழங்கும் சுத்திகரிப்பாலை, மணலியின் பெயரையே இந்தியா அறியச் செய்தது. மணலி நகராட்சியாக இருந்தது 2011-இல் சென்னை மாநகராட்சியோடு இணைந்தது. இப்படிப்பட்ட இடத்தில், ஒரே தெருவில் வசிக்கிற மூன்று பேர், ஒரே விதமான குறைக்காக வெவ்வேறு வாசல்களைத் தட்ட வேண்டியிருக்கிறது. ரயில்வேக்காரரும் சுங்க இலாகாக்காரரும் 1985-ஆம் ஆண்டுச் சட்டத்தால் ஏற்பட்ட மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னைக் கிளைக்குப் போகவேண்டும். சுத்திகரிப்பாலை அதிகாரி, அரசியல் சட்டத்தின் 226-ஆம் பிரிவின்கீழ் நேரே உயர்நீதிமன்றத்தில் ரிட் மனு போடவேண்டும். மாநில அரசு ஊழியருக்கென்று 1988-இல் ஒரு தனித் தீர்ப்பாயம் ஏற்பட்டிருந்தது. அது 2006-இல் கலைக்கப்பட்டுவிட்டபடியால் அவருக்கும் இப்போது உயர்நீதிமன்றமே கதி.

எந்த வாசலானாலும், உள்ளே போனவுடன் சொல்லப்படும் முதல் விதி ஒன்றே: உயர்வு என்பது எவருக்கும் உரிமையன்று, உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவதே உரிமை. மைசூர் அரசாங்கத்துக்கு எதிரான சையத் மஹ்மூத் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1968-இல், ஒருவருக்கு நீதிமன்றமே பதவியைத் தூக்கிக் கொடுத்துவிடலாகாது, அவரை முறைப்படி பரிசீலிக்கும்படி அரசாங்கத்துக்கு உத்தரவிடலாம் என்று தெளிவாக்கியது. ஆனால் அந்தப் பரிசீலனை அரசாங்கத்தின் தயவு அல்ல. 1999-இல் அஜித் சிங் வழக்கில் ஐந்து நீதிபதிகள், தகுதி வாய்ந்த ஒருவர் பரிசீலிக்கப்படாமல் விடப்படுவது அரசியல் சட்டத்தின் 16-ஆம் பிரிவு தரும் அடிப்படை உரிமைக்கே பங்கமாகும் என்று கூறினார்கள். தமக்குப் பதவி கிடைக்கவில்லையே என்று வருந்துகிறவர் ஒருவர்; தம் பெயர் பரிசீலனைக் கூட்டத்தில் படிக்கப்படவே இல்லையே என்று வருந்துகிறவர் வேறொருவர். சட்டம் முக்கியமாகக் காது கொடுப்பது இரண்டாமவருக்குத்தான்.

இந்த விவகாரங்களில் தேசம் முழுவதையும் பாதித்த ஒன்று சென்னையிலிருந்தே புறப்பட்டது. ரயில்வே போர்டு 1959-ஆம் ஆண்டில், தாழ்த்தப்பட்ட வகுப்பினருக்கும் பழங்குடியினருக்கும், நியமனத்தில் மட்டுமன்றித் தேர்ந்தெடுத்து உயர்த்தப்படும் பதவிகளிலும் இடம் ஒதுக்கவேண்டும் என்று சுற்றறிக்கை அனுப்பியது. தெற்கு ரயில்வேயின் ஊழியர் ஒருவர் அதை எதிர்த்துச் சென்னை உயர்நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்து வென்றார். அரசாங்கம் மேல்முறையீடு செய்தது. ரங்காச்சாரி வழக்கு என்று சட்டப் புத்தகங்களில் நிலைத்துவிட்ட அந்த வழக்கில், 1961 ஏப்ரலில், உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகளும் ஒருமித்துப் பேசவில்லை. கஜேந்திரகட்கர் முதலான மூவர், ஒதுக்கீடு உயர்வுக்கும் பொருந்தும் என்றனர். வாஞ்சூ, ராஜகோபால ஐயங்கார் ஆகிய இருவர் மாறுபட்டனர். மூவரின் கருத்தே தீர்ப்பாயிற்று.

முப்பத்தோராண்டுகள் அந்தத் தீர்ப்பு நின்றது. 1992 நவம்பரில், மண்டல் கமிஷன் வழக்கு என்று எல்லோரும் அறிந்த இந்திரா சஹானி வழக்கில், ஒன்பது நீதிபதிகள் அடங்கிய அமர்வு, ஒதுக்கீடு நுழைவாயிலோடு நிற்கவேண்டும், உயர்வுக்குச் செல்லாது என்று தீர்மானித்தது. பாராளுமன்றம் 1995-இல் 77-ஆம் திருத்தத்தால் 16(4அ) என்ற பிரிவைச் சேர்த்து, தாழ்த்தப்பட்டோருக்கும் பழங்குடியினருக்கும் உயர்வில் ஒதுக்கீட்டுக்கு மீண்டும் இடம் செய்தது. 2001-இல் 85-ஆம் திருத்தத்தால், அவ்வாறு உயர்ந்தவர்களுக்கு அந்தப் பதவியில் முதுநிலையும் சேர்ந்தே உண்டு என்று சொன்னது. 2006-இல் நாகராஜ் வழக்கில் அந்தத் திருத்தங்கள் செல்லும் என்ற உச்ச நீதிமன்றம், ஒதுக்கீடு தேவை என்பதைப் புள்ளிவிவரங்களால் அரசாங்கம் நிலைநாட்டவேண்டும் என்ற நிபந்தனையையும் விதித்தது. 2018-இல் ஜர்னைல் சிங் வழக்கு, அந்த நிபந்தனையின் ஒரு பகுதியான, பின்தங்கிய நிலையைத் தனியே நிரூபிக்கவேண்டும் என்பதை நீக்கிவிட்டு, பதவிகளில் போதிய பிரதிநிதித்துவம் இல்லை என்பதற்கான கணக்கை மட்டும் வற்புறுத்தியது. தலைமுறை தலைமுறையாக வாசலுக்கு வெளியே நிறுத்தப்பட்டிருந்தவர்கள் உள்ளே வந்த பிறகும் கீழ்ப்படியிலேயே நின்றுவிடலாகாது என்ற அந்த நோக்கம் தர்மமானது என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. அந்த நோக்கத்தை நிறைவேற்ற வேண்டிய அரசாங்கங்கள், கணக்கெடுக்கும் வேலையைச் சிரத்தையோடு செய்யாமல், வழக்கு வந்த பிறகு காரணம் தேடுவதுதான் என் வருத்தம்.

அந்த வருத்தத்துக்கு உதாரணம் தமிழ்நாட்டிலேயே இருக்கிறது. இங்கே நியமனத்தில் அறுபத்தொன்பது சதவிகித இடஒதுக்கீடு உண்டு. அதை நடைமுறைப்படுத்துவதற்கென்று இருநூறு புள்ளிகள் கொண்ட இனச் சுழற்சி முறை ஒன்று வகுக்கப்பட்டிருக்கிறது. எந்தப் புள்ளி எந்தப் பிரிவினருக்கு என்பது முன்கூட்டியே நிர்ணயமானது. வேலைக்கு ஆள் எடுக்கும்போது அந்தச் சுழற்சி அவசியம். ஆனால் வெகுகாலமாக, வேலையில் சேர்ந்தவர்களின் முதுநிலையும் அந்தச் சுழற்சிப் புள்ளியைக் கொண்டே எழுதப்பட்டு வந்தது. அதாவது, தேர்வாணையத்தின் மதிப்பெண் தரவரிசையில் எழுபதாவதாக நின்ற ஒருவர் சுழற்சியில் ஐந்தாம் புள்ளியில் அமர்ந்தால், தரவரிசையில் பத்தாவதாக நின்று சுழற்சியில் முப்பதாம் புள்ளியில் அமர்ந்தவரைவிட அவர் என்றென்றைக்கும் மூத்தவராகிவிடுவார். இந்த முறையால் பொதுப் பிரிவினர் மட்டும் பாதிக்கப்பட்டார்கள் என்று எண்ணுவது தவறு. நல்ல மதிப்பெண் பெற்ற எந்தப் பிரிவினரும், சுழற்சியில் பின்னால் விழுந்தால், பின்னாலேயே நிற்க வேண்டியதாயிற்று.

2003-இல் ஹரியானா சம்பந்தமான பிமலேஷ் தன்வர் வழக்கில் உச்ச நீதிமன்றம், சுழற்சிப் புள்ளி நியமனத்துக்கே உரியது, முதுநிலையை அதைக்கொண்டு நிர்ணயிக்கலாகாது என்று சொல்லிவிட்டது. தமிழ்நாட்டில் பட்டியல்கள் மாறவில்லை. பொறியாளர்கள் சிலர் வழக்குத் தொடுத்தார்கள். 2015 மார்ச்சில் சென்னை உயர்நீதிமன்றம், தேர்வாணையத்தின் தரவரிசைப்படியே முதுநிலையைத் திருத்தி எழுதவேண்டும் என்று உத்தரவிட்டது. 2016 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அதில் தலையிட மறுத்தது. அத்தோடு முடிந்திருக்க வேண்டிய விவகாரம் அங்கேதான் மறுபடியும் தொடங்கிற்று. அதே ஆண்டில் சட்டமன்றம் தமிழ்நாடு அரசுப் பணியாளர்கள் (பணி நிபந்தனைகள்) சட்டத்தை நிறைவேற்றியது. அதன் 40-ஆம் பிரிவு, நீதிமன்றம் எதைக் கூடாது என்றதோ அந்தச் சுழற்சி முதுநிலையையே சட்டமாக்கிற்று. இன்னொரு பிரிவு அதை முன்தேதியிட்டுச் செல்லுபடியாக்கிற்று. 2019 நவம்பரில் உயர்நீதிமன்றம் அந்தப் பிரிவுகளைச் செல்லாதவையென்று ரத்து செய்தது. சுழற்சிப் புள்ளியால் முதுநிலை கொடுப்பது, அரசியல் சட்டம் கேட்கும் கணக்கு ஏதுமின்றி, உயர்விலும் மறைமுகமாக ஒதுக்கீடு கொடுப்பதேயாகும் என்பது அதன் கருத்தின் சாரம். அதற்குப் பிறகும் முந்தைய தீர்ப்பு நிறைவேறாதபடியால், 2021 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் அதை நீதிமன்ற அவமதிப்பு என்றே கண்டு, பட்டியலைத் திருத்துவதற்குக் கெடு விதித்தது.

இந்த வழக்கில் யாரைக் குற்றம் சொல்வது? சுழற்சிப்படி முன்னால் வந்து உயர்வு பெற்றவர் ஒரு பொய்யும் சொல்லவில்லை. அரசாங்கம் அச்சடித்த பட்டியலை நம்பி அவர் பத்தாண்டுகள் அந்த நாற்காலியில் வேலை பார்த்தார். பட்டியல் திருந்தும்போது அவர் கீழே இறங்க நேர்கிறது. நேற்று வரையில் தம்மை "ஐயா" என்று அழைத்தவரிடம் நாளை அவர் கோப்பைக் கொண்டுபோய் நீட்டவேண்டும். மறுபக்கத்தில், தரவரிசையில் முன்னால் நின்றவர், தமக்குரிய பதவிக்காகத் தம் ஆயுளின் நடுப்பகுதியை வக்கீல் அலுவலகத்தின் பெஞ்சில் கழித்தார். இருவருக்கும் அநீதி செய்தது, 2003-லேயே தெரிந்த ஒரு விதிக்குப் பட்டியலைப் பொருத்திக்கொள்ளாமல் பதினைந்து ஆண்டுகளுக்கு மேல் கழித்த நிர்வாகமே என்பது என் தீர்மானமான அபிப்பிராயம். சுழற்சி முதுநிலைதான் வேண்டும் என்று அரசாங்கம் மனப்பூர்வமாக எண்ணியிருந்தால், கணக்கை எடுத்து நீதிமன்றத்தின் முன் வைப்பதே நேர்வழி.

உயர்வு தடைப்படுவதற்கு முதுநிலையைத் தவிர வேறு காரணங்களும் உண்டு. அவற்றில் மிகவும் மனவேதனை தருவது குற்றக் குறிப்பாணை. மாநில ஊழியர்கள் அதன் விதியின் பெயராலேயே 'செவன்டீன் பி' என்று, ஒரு வியாதியின் பெயரைச் சொல்வதுபோலத் தாழ்ந்த குரலில் சொல்கிறார்கள். விசாரணை நிலுவையில் இருக்கும்போது உயர்வு நிறுத்தப்படுகிறது. விசாரணையோ எளிதில் முடிவதில்லை. மத்திய அரசில் இதற்கென்று சீலிட்ட உறை என்ற முறை இருக்கிறது. பரிசீலனைக் குழு தன் முடிவை உறையிலிட்டு மூடி வைத்து, விசாரணை முடிந்த பின் திறந்து பார்க்கும். 1991-இல் ஜானகிராமன் வழக்கில் உச்ச நீதிமன்றம், குற்றக் குறிப்பாணை கையில் கொடுக்கப்பட்ட பின்புதான் உறையை மூடலாம், ஏதோ பூர்வாங்க விசாரணை நடக்கிறது, யாரோ மொட்டைக் கடிதம் எழுதியிருக்கிறார்கள் என்பதற்காக ஒருவரின் உயர்வை நிறுத்தலாகாது என்று கூறியது. முற்றிலும் நிரபராதி என்று விடுவிக்கப்பட்டவருக்கு, வேலை செய்யாததால் சம்பளமில்லை என்று பொத்தாம்பொதுவாகச் சொல்லிவிடக்கூடாது என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது.

மேலதிகாரி ஆண்டுதோறும் எழுதும் இரகசியக் குறிப்பேடும் அப்படிப்பட்டதே. எல்லைப்புறச் சாலைகளின் பொறியாளர் ஒருவருக்கு, ஒரே ஓராண்டில் மேலதிகாரி 'நன்று' என்று எழுதியிருந்தார்; உயர்வுக்கு வேண்டியிருந்ததோ ஐந்தாண்டுகளும் 'மிக நன்று'. நன்று என்று எழுதியது குறையல்லவே என்று அதை அவரிடம் தெரிவிக்கவே இல்லை, உயர்வும் போயிற்று. தேவ் தத் வழக்கு என்ற அந்த வழக்கில், 2008 மே மாதம், எந்தக் குறிப்பானாலும் அதை ஊழியருக்குத் தெரிவித்தே தீரவேண்டும், அப்போதுதான் அதைத் திருத்தக் கோர அவருக்குச் சந்தர்ப்பம் கிடைக்கும் என்று தீர்ப்பாயிற்று. ஒரு மனிதரின் எதிர்காலத்தை நிர்ணயிக்கும் சொல்லை அவர் கண்ணில் படாமல் எழுதி வைத்த வழக்கம் வெள்ளைக்காரன் காலத்தது. அது ஒழிவதற்கு, குடியரசான பிறகும், ஏறத்தாழ அறுபது ஆண்டுகள் ஆயின.

ஆசிரியர்களின் விவகாரம் இன்னும் சூடு ஆறாதது. 2025 செப்டம்பர் முதல் தேதி உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பின்படி, ஆசிரியர் தகுதித் தேர்வில் தேறாதவர்களுக்கு உயர்வு இல்லை. ஓய்வுக்கு ஐந்தாண்டுகளுக்கு மேல் இருப்பவர்கள், பணியில் நீடிப்பதற்கே, இரண்டாண்டுகளுக்குள் அந்தத் தேர்வில் தேறவேண்டும். இருபது ஆண்டுகளாகப் பலகையின் முன் நின்ற ஒரு தலைமுறை, மறுபடியும் மாணவர்களின் பெஞ்சில் உட்கார்ந்து படிக்கிறது.

நான் சொல்ல வந்த விஷயங்களில் முக்கியமானது காலம். அதற்கும் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றே நாடு முழுவதும் எடுத்துக்காட்டப்படுகிறது. நெடுஞ்சாலை இலாகாவின் பொறியாளர் ஒருவர், 1957-இல் தம்மைத் தாண்டி இளையவர்கள் உயர்த்தப்பட்டதை எதிர்த்து, பதினான்கு ஆண்டுகள் கழித்து நீதிமன்றத்துக்கு வந்தார். சதாசிவசுவாமி வழக்கு என்று வழங்கும் அதில் உச்ச நீதிமன்றம், இளையவர் ஒருவர் தம் தலைக்கு மேலே உயர்த்தப்பட்டால், பாதிக்கப்பட்டவர் ஆறு மாதத்துக்குள், மிஞ்சினால் ஓராண்டுக்குள் வந்துவிடவேண்டும் என்றது. ரிட் மனுவுக்குச் சட்டத்தில் காலவரையறை எழுதியிருக்கவில்லை என்பது உண்மைதான். ஆனாலும் ஆறிப்போன வழக்கைக் கிளறினால், இடையில் அந்தப் பதவிகளில் நிலைத்துவிட்ட பலருடைய வாழ்க்கையைக் கலைக்க வேண்டிவரும் என்பது நீதிமன்றத்தின் யோசனை. மத்தியத் தீர்ப்பாயத்திலோ சட்டமே கெடு வைத்திருக்கிறது: இறுதி உத்தரவிலிருந்து ஓராண்டு, முறையீட்டுக்கு ஆறு மாதம் வரை பதிலே வராவிட்டால், அந்த ஆறு மாதம் கழிந்ததிலிருந்து ஓராண்டு.

இந்த இடத்தில்தான் எங்கள் தெருப் பெரியவர் வழுக்கினார். அவர் சும்மா இருந்துவிடவில்லை. பையின் அடியிலிருந்து ஒரு கற்றையை எடுத்து மேஜைமேல் வரிசையாகப் பரப்பினார். மங்கிப்போன முத்திரைகளோடு ஒன்பது தபால் ஒப்புகை அட்டைகள். ஆண்டுக்கொன்றாக ஒன்பது விண்ணப்பங்கள் அவர் அனுப்பியிருந்தார். "மேலே எழுதிக்கிட்டே இருந்தா வழக்கு உயிரோட இருக்கும்னு நெனச்சேன், தம்பி. ஆபீஸை எதிர்த்து கோர்ட்டுக்குப் போனா மனஸ்தாபம் வரும்னு பயம் வேற," என்றார். விண்ணப்பத்துக்கு மேல் விண்ணப்பம் அனுப்பிக்கொண்டே இருப்பதால் கெடு நீளாது என்பதை, தமிழ்நாட்டிலிருந்தே சென்ற ஜேக்கப் வழக்கில், உச்ச நீதிமன்றம் 2008-இல் திட்டவட்டமாகச் சொல்லியிருக்கிறது. அவர் கடைசியில் வழக்குப் போட்டபோது, பட்டியலில் அவர் இடம் தவறா சரியா என்ற கேள்விக்கே நீதிமன்றம் போகவில்லை. தாமதம் என்று ஒரே பக்கத்தில் மனு தள்ளுபடியாயிற்று. அந்த ஒரு பக்கமும் அதே பையில்தான் இருக்கிறது.

அலுவலகத் தலைவர்களாக இருப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். இந்த ஆண்டின் முதுநிலைப் பட்டியலை இந்த ஆண்டிலேயே வெளியிடுங்கள்; ஆட்சேபம் வந்தால், ஆம் என்றோ இல்லை என்றோ, காரணத்தோடு ஒரு பதில் எழுதுங்கள். பாதகமான பதிலாயினும் அதைக் கொண்டு அவர் உரிய காலத்தில் உரிய வாசலுக்குப் போவார்.

உத்தியோகத்தில் இருக்கும் வாசகர்களுக்கும் ஒன்று. உங்கள் அலுவலக அறிவிப்புப் பலகையில் பட்டியல் ஒட்டப்பட்டிருந்தால், உங்கள் பெயரை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்பிவிடாதீர்கள். அதற்கு மேலே உள்ள மூன்று பெயர்களையும் கீழே உள்ள மூன்று பெயர்களையும், அவர்கள் பணியில் சேர்ந்த தேதி, தேர்வாணையத் தரவரிசை, துறைத் தேர்வில் தேறிய தேதி ஆகியவற்றோடு ஒப்பிட்டுப் பாருங்கள். பிழை கண்டால், குறித்த நாளுக்குள் ஆட்சேபத்தை எழுதிக் கொடுத்து, நகலில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ளுங்கள். ஆறு மாதத்தில் பதில் வராவிட்டால், இரண்டாவது விண்ணப்பம் எழுத உட்காராமல், அந்த நகலை எடுத்துக்கொண்டு ஒரு வக்கீலைப் பாருங்கள்.